தறியொலியும் பின்னணியிசையும்: ‘காஞ்சிவரம்’ திரைப்படத்தை முன்வைத்து

வணிகச் சட்டகத்திற்கு வெளியே உருவாகும் தமிழ்ப் படங்களின் இசை பற்றிய திறனாய்வு, பெரும்பாலும் பொருட்செலவுப் பற்றாக்குறையைச் சுட்டுவதோடு நின்றுவிடுகிறது. அவ்விளக்கம் போதாது என்பதற்குப் பிரியதர்ஷனின் ‘காஞ்சிவரம்’ சான்றாகும். பெர்செப்ட் நிறுவனத்தின் தயாரிப்பாதலால், முதலீட்டு நோக்கில் இதனைச் சுயாதீனப் படம் எனல் பொருந்தாது. எனினும் நட்சத்திர நாயகன், சண்டை என்னும் வழக்கங்களைத் துறந்த ஆக்கம் இது. 2007ஆம் ஆண்டின் சிறந்த திரைப்படத்திற்கான தேசிய விருதையும் பிரகாஷ்ராஜுக்குச் சிறந்த நடிகர் விருதையும் பெற்றது. இசை, எம். ஜி. ஸ்ரீகுமார்.

காஞ்சிபுரத்தைக் களமாகக் கொள்ளும் இசையமைப்பாளருக்கு முன் ஏற்கெனவே ஓர் ஓசை ஒழுங்கு இருக்கிறது. கோர்வைச் சேலையில் உடலுக்கும் கரைகளுக்கும் வெவ்வேறு ஊடை, மூன்று நாடாக்கள், நெசவாளருக்குப் பக்கத்தில் ஒரு துணைக்கை. ஒவ்வோர் ஊடையிலும் இழைகள் கோத்துக்கொள்ளும்வரை கை நிற்கிறது. அதன் பின்னரே பலகை அடிக்கிறது. ஆகவே இவ்வோசையின் இயல்பு அதன் இடைநிறுத்தத்தில் இருக்கிறது. சீரான தாளமாக அதனை நகலெடுத்தால் கேட்பது விசைத்தறியாகவே இருக்கும். (பிள்ளையார்பாளையத் தெருக்களில் நடந்தவர்க்கு இவ்வேறுபாட்டை விளக்க வேண்டியதில்லை.)

படத்தின் கதையும் ஓசையை மறைப்பதைப் பற்றியதே. மகளின் திருமணத்திற்குப் பட்டுச்சேலை தருவதாக வாக்களித்த வேங்கடம், வேலையிடத்திலிருந்து பட்டிழையை வாயில் மறைத்து வருகிறான். உரிமைக்குரல் எழுப்பும் வாயும் இழையை ஒளிக்கும் வாயும் ஒன்றே. வீட்டில் அவன் மறைவாக நெய்யும் தறிக்குத் துணைக்கை இல்லை. மௌனத்தையும் இத்தனித்த தறியின் ஓசையையும் இசையாக்கும் வாய்ப்பு கதையிலேயே இருந்தது. ஸ்ரீகுமாரின் பின்னணியிசை இனிமை குன்றாதது. ஆயினும் அது உருக்கத்தின் பக்கமே சாய்கிறது. பார்வையாளர் தாமாக அடைய வேண்டிய துயரத்தை முந்திக்கொண்டு கூறிவிடுகிறது என்பதே என் மதிப்பீடு.

பாலு மகேந்திராவின் ‘வீடு’ (1988) இங்கு ஒப்பிடத்தக்கது. பாடல்களற்ற அப்படத்தில், 1986இல் வெளியான இளையராஜாவின் ‘ஹவ் டு நேம் இட்’ தொகுப்பின் இசை எடுத்தாளப்பட்டது. காட்சிக்கென எழுதப்படாத இசை காட்சிக்கு உரை சொல்ல இயலாது. தன் போக்கில் செல்கிறது. படத்திற்கென இசையமைக்காததே அங்கு நற்பேறாக அமைந்தது என்று துணிந்து கூறலாம். பற்றாக்குறை வாதம் இவ்விடத்தில் முற்றிலும் பயனற்றுப் போகிறது.

‘காஞ்சிவர’த்தின் இறுதியில், நெய்து முடியாத துணியால் மகளின் உடலை மூட முயல்கிறான் வேங்கடம். முகத்தை மூடினால் கால் தெரிகிறது. காலை மூடினால் முகம். அத்துணியின் நீளம், தறி எந்த ஊடையோடு நின்றது என்பதைக் காட்டிவிடுகிறது. அத்தறியின் ஓசையைப் படம் முழுவதும் பார்வையாளரின் செவியில் பதித்திருந்தால், இக்காட்சியில் அதன் இன்மையே கேட்டிருக்கும்.