வெடிக்காத நாள்கள்: சிவகாசி வட்டாரப் படைப்புகளில் அன்றாடமும் தனிமையும்

சிவகாசி வட்டாரத் தொழிலாளர் வாழ்வைப் பேசும் படைப்புகள் பெரும்பாலும் விபத்து, குழந்தை உழைப்பு என்னும் இரு சொற்களின் வழியே வாசிக்கப்படுகின்றன. இரண்டும் மெய்யே. 2012 செப்டம்பர் 5 அன்று முதலிப்பட்டியில் நிகழ்ந்த வெடிவிபத்தில் 30க்கும் மேற்பட்டோர் மாண்டனர். எனினும் தொழிலாளியின் வாழ்வில் வெடிக்காத நாள்களே மிகுதி. அந்நாள்கள் மனத்தின்மேல் ஏற்றும் சுமையை இவ்வாசிப்பு தவறவிடுகிறது.

கையால் இயங்கும் தீப்பெட்டி ஆலையில் கட்டை அடுக்குவோர், குச்சிகளை ஒவ்வொன்றாகச் சட்டத்தின் பள்ளங்களில் வைத்து நிரப்புவர். கூலி நாளுக்கன்று, கட்டைக்கு. எனவே அருகிலிருப்பவரிடம் பேசும் பேச்சும் கூலியிலிருந்தே கழியும். பட்டாசு ஆலையிலோ தனிமை கட்டட அமைப்பிலேயே உள்ளது. ஓர் அறையில் பற்றிய தீ அடுத்த அறைக்குத் தாவாதிருக்க அறைகள் இடைவெளி விட்டுக் கட்டப்படுகின்றன. மருந்து செலுத்தும் அறையில் ஆள் எண்ணிக்கைக்கும் வரம்பு உண்டு. உடலைக் காக்கும் இடைவெளியே மனத்தைத் தனித்து நிறுத்துகிறது. வரம்பை மீறினால் உயிர் போகும் என்பதால் இம்முரணுக்கு எளிய தீர்வும் இல்லை.

ராஜம் கிருஷ்ணனின் 'கூட்டுக்குஞ்சுகள்', உப்பளத் தொழிலாளரைப் பற்றிய அவரது 'கரிப்பு மணிகள்' போலவே களஆய்விலிருந்து எழுந்த நாவல். அநீதியை நிறுவ முனையும் இவ்வகை யதார்த்த நாவலுக்கு நிகழ்ச்சிகள் தேவை. எதுவும் நிகழாத பிற்பகல் அதன் கதைப்பின்னலுக்குப் பயன்படாது. ஆயிரம் குச்சிகளை எழுத்து ஒரே வாக்கியத்தில் கடந்துவிடும். சலம் பென்னூர்க்கரின் 'குட்டி ஜப்பானின் குழந்தைகள்' (1990) ஆவணப்படத்துக்கு இவ்வகையில் ஊடகமே துணை. கேமரா கைகளின்மேல் நிற்கும் நேரத்தைப் பார்வையாளரும் கழித்தாக வேண்டும். அப்படத்தைக் குழந்தை உழைப்பின் சான்றாக மட்டும் கொள்வது அதன் வடிவத்தைப் புறக்கணிப்பதாகும்.

முல்லையின் உரிப்பொருள் இருத்தல். கார்காலம் அவ்விருத்தலுக்கு ஓர் எல்லை தருகிறது. கரிசல் நிலத்து ஆலை இருப்புக்கு அத்தகைய எல்லை இல்லை. தீபாவளிகூட வாங்குவோருக்கே முடிவு, செய்வோருக்கு அடுத்த ஆண்டின் தொடக்கம். தமிழ்க் கவிதையியல் காத்திருப்பை நுட்பமாக வகுத்தது. காத்திருக்க எதுவுமற்ற பகலை வகுக்கவில்லை.

1986ஆம் ஆண்டுக் குழந்தை உழைப்புத் தடைச் சட்டத்திற்குப் பின்னர் ஆலைகளில் குழந்தைகள் குறைந்துள்ளனர் என்பதால் இப்படைப்புகள் காலம் கடந்தவை எனக் கருதப்படலாம். அதே பெஞ்சில் இன்று வளர்ந்த பெண்கள் அமர்ந்திருக்கின்றனர். அவர்களது பகலைக் குறிக்கச் சட்டத்திலும் திறனாய்விலும் இன்னும் ஒரு சொல் உருவாகவில்லை.