வேடமும் முகமும்

ஒரு நடிகர் எத்தனை வேடங்கள் புனைந்தார் என்று எண்ணி அவருடைய திறனை அளப்பது நம் இரசிகர்களிடையே வேரூன்றிவிட்ட வழக்கம். இவ்வளவுகோல் சரியானதுதானா என்று ஆராய்வதற்குக் கமல்ஹாசனின் கலைவாழ்வைவிடப் பொருத்தமான சான்று வேறில்லை.

1960-இல் 'களத்தூர் கண்ணம்மா'வில் குழந்தையாகத் தோன்றிய அவர், பின்னர் டி.கே.சண்முகத்தின் நாடகக் குழுவில் பயின்றார். நடன உதவியாளராகவும் உழைத்தார். '16 வயதினிலே' (1977) படத்தில் சப்பாணியாக வந்தவர், மறு ஆண்டே 'சிகப்பு ரோஜாக்கள்' படத்தில் கொலையாளியாக வந்து நம்மை நடுங்க வைத்தார். 'அபூர்வ சகோதரர்க'ளில் (1989) குள்ளர், 'இந்தியன்' (1996) படத்தில் முதியவர், அதே ஆண்டில் 'அவ்வை சண்முகி'யில் மாமி என வேடங்கள் பெருகின. 'தசாவதாரம்' (2008) படத்தில் அவை பத்தாயின. அப்பதின்மருள் ஒருவர் ஜப்பானியத் தற்காப்புக் கலைஞர்; மற்றொருவர் கலிஃபுல்லா என்னும் நெடிதுயர்ந்த முஸ்லிம் இளைஞர்.

நம் சமுதாயத்தைச் சேர்ந்த ஒருவர் வெள்ளை உள்ளம் படைத்தவராகத் திரையில் வந்தமை மகிழ்ச்சிக்குரியதே. ஆயினும் கலிஃபுல்லாவை எண்ணும்போது நம் மனத்தில் நிற்பது அவருடைய உயரம் மட்டுமே. அவருடைய அச்சம், ஆசை, இறையச்சம் ஆகிய எவற்றையும் நாம் அறிந்தோமில்லை. தடித்த ஒப்பனை முகத்தசைகளை மூடிவிட்டபின் உள்ளம் எவ்வழியே வெளிப்படும்?

இதற்கு மறுமொழியாக நீலகிரியில் படமான 'மூன்றாம் பிறை' (1982) நிற்கிறது. பாலு மகேந்திரா இயக்கி, ஒளிப்பதிவும் செய்த படம் அது. விபத்தினால் நினைவிழந்து குழந்தையாகிப் போன பெண்ணொருத்தியை மீட்டு, மலையூரில் வைத்துக் காக்கும் பள்ளி ஆசிரியர் சீனுவாகக் கமல் நடித்தார். இறுதியில் அவள் நினைவு திரும்புகிறது; சீனுவோடு வாழ்ந்த நாட்களோ மறைந்துவிடுகின்றன. கேத்தி ரயில் நிலையத்தில், கொட்டும் மழையில், சேறு படிந்த உடையோடு, முன்பு அவளைச் சிரிக்க வைத்த குரங்கு வித்தையை ஆடிக் காட்டித் தம்மை நினைவூட்ட முயல்கிறார் அவர். ஸ்ரீதேவி ஏற்ற அப்பெண்ணோ அவரைப் பித்தரென்றே கருதுகிறாள். ரயில் புறப்பட்டுவிடுகிறது.

அக்காட்சியில் பொய்த்தாடியோ நரைமுடியோ இல்லை. முன்னர் அன்பின் விளையாட்டாக இருந்த அதே ஆட்டம், இப்போது யாசகமாக மாறி நிற்கிறது. ஓர் உடலசைவுக்கு இரு வேறு பொருள்களை ஏற்றிக் காட்டியதே அங்கு நிகழ்ந்த கலை. தலைப்பிறை கண்டு நோன்பையும் பெருநாளையும் கணிக்கும் நாம், இளம்பிறை வானில் தங்கும் பொழுது எத்துணைக் குறுகியது என்பதை அறிவோம். சீனுவின் இன்பமும் அத்தகையதே. சிறந்த நடிகருக்கான தேசிய விருது அவரை அடைந்ததில் வியப்பில்லை.

ஒப்பனையே குற்றம் என்பது நம் கருத்தன்று. 'இந்தியன்' முதியவருக்கும் தேசிய விருது கிடைத்தது. அங்கே மகனையே தண்டிக்கத் துணியும் தந்தையின் மனம் ஒப்பனையையும் மீறிப் பேசிற்று. மனிதரைக் காட்ட வேடம் உதவினால் அது கலை. வேடத்தைக் காட்டவே மனிதர் வந்தால் அது வித்தை. கமல்ஹாசன் இரண்டையும் செய்தவர். அவருடைய பன்முகத் திறனுக்குச் சான்று கேட்போருக்கு, பத்து வேடங்களைவிடக் கேத்தியில் நனைந்து நின்ற அந்த ஒரு முகத்தையே நாம் முதலில் காட்டுவோம்.