சுருக்கு, குறைக்காதே

மேம் எமுலேட்டருடன் வரும் சிஎச்டிமேன், பழைய பிளேஸ்டேஷன் சிடியின் ‘பின்’, ‘கியூ’ கோப்புகளை ஒரே சிஎச்டி கோப்பாக்கும் சிறு கருவி. அதற்குத் தமிழில் வழிமுறை எழுதுபவரின் கைத்திறன் வினைச்சொல்லில் தெரிந்துவிடும்.

‘மாற்று’ என்றால் மூலக்கோப்பு போய்விடுமோ என்று படிப்பவர் பதறுவார். அது அப்படியே இருக்கும்; பக்கத்தில் புதிதாக ஒன்று வரும். ஆகவே ‘உருவாக்கு’தான் சரி, கட்டளையின் பெயரும் ‘கிரியேட்சிடி’தானே! ‘குறை’ இன்னும் மோசம்: எம்பி3 பாட்டைப்போலத் தரம் தேயுமோ என்ற ஐயம் எழும். இங்கே ஒரு பைட்டும் தொலைவதில்லை. ‘சுருக்கு’ போதும்.

திரும்ப எடுக்க, ‘பிரித்தெடு’. (‘உடை’ என்றால் யாருக்கும் கை நடுங்கும்.)

அதே பெயரில் கோப்பு இருந்தால் கருவி மறுத்துவிடும்; கட்டளையோடு ‘ஃபோர்ஸ்’ சேர்த்தால்தான் பழையது போகும். அங்கே மட்டும் ‘மேலெழுது’ என்று மென்மை காட்டாமல் ‘அழித்து எழுது’ என்றே போடுங்கள்.