கள்ளப் படிக்கல்

விருதுநகர்ச் சந்தையை அறிந்தவர்க்குத் தராசைப் பற்றி எவரும் பாடம் சொல்லத் தேவையில்லை. வற்றலும் பருப்பும் எண்ணெயும் விலைபேசப்படும் ஊர் அது. முள் நேராக நின்றால் போதாது. படிக்கல் சரியானதுதானா என்று புரட்டிப் பார்த்த பிறகே மூட்டையைத் தட்டில் ஏற்றச் சம்மதிப்பான் நம் சம்சாரி. அச்சந்தைக்கு அண்மையிலுள்ள சூலக்கரையில், நண்பர் ஒருவர் இல்லத்தில், இளைஞர் சிலருடன் அமர்ந்து ‘இன்சாஃப் கா தராஜு’ என்னும் பழைய இந்திப் படத்தைப் பார்த்தேன். பி.ஆர்.சோப்ரா இயக்கி 1980இல் வெளிவந்தது; 1976இல் வந்த ‘லிப்ஸ்டிக்’ என்னும் அமெரிக்கப் படத்தைத் தழுவியது. பெயரின் பொருள், நீதியின் தராசு. தராசு என்பது பாரசீகத்திலிருந்து வந்து நம்மிடம் குடியேறிய சொல்லன்றோ! இந்தி அறியாத இளைஞர்களுக்கும் அந்த ஒரு சொல் விளங்கிற்று.

கதை இது: பாரதி ஒரு விளம்பர அழகி. சீனத் அமன் அவ்வேடம் ஏற்றார். ரமேஷ் என்னும் செல்வன் அவள் வீட்டிலேயே அவளை வன்கொடுமைக்கு ஆளாக்குகிறான். வழக்கு நடக்கிறது. இவள் எத்தகைய உடை உடுத்துகிறாள், எவரோடு சிரித்தாள், எங்கெல்லாம் படத்துக்கு நின்றாள் என்று அடுக்குகிறார் எதிரி வழக்குரைஞர். இணங்கியவளே என்று முடிகிறது, அவன் வெளியேறுகிறான். வேற்றூருக்குப் பிழைக்கச் சென்ற பின் அவள் தங்கையும் அதே கயவனிடம் சிக்குகிறாள். பாரதி துப்பாக்கி எடுக்கிறாள். இரண்டாம் வழக்கில் விடுதலை!

இளைஞர்கள் கைதட்டினர். எனக்குக் கை எழவில்லை.

படத்தின் பெருமையை மறைக்க வேண்டியதில்லை. பாண்டியன் அவையில் சிலம்பை உடைத்த கண்ணகியும் கணவனுக்காகவே நீதி கேட்டாள். 1952இல் ‘பராசக்தி’ சமுதாயத்தையே குற்றவாளிக் கூண்டில் ஏற்றிற்று. ஆயினும் அங்கே தங்கைக்காகப் பெரும்பேச்சுப் பேசியவன் அண்ணன். தன் உடலுக்கு இழைக்கப்பட்ட கொடுமையைத் தானே எழுந்து நின்று பேசும் பெண்ணைச் சோப்ரா காட்டினார். அது சிறிதன்று.

ஆனால் எதை வைத்து எடை போட்டார்? முதல் வழக்கில் தோற்றவள், உடலைக் காட்டிப் பிழைப்பவள் எனப் பழிக்கப்பட்டவள். இரண்டாம் வழக்கில் மன்றத்தை உருகவைப்பவள், வேலை தேடிப் போன கள்ளமறியாத் தங்கை. அக்காளின் துயரம் வெல்லவில்லை. தங்கையின் தூய்மை வென்றது! தூயவள் அல்லாதவளுக்கு நீதி உண்டா என்று படம் கேட்கவே இல்லை. கண்ணீர் சிந்தச் சொல்லும் அதே படம், கொடுமைக் காட்சியை நீட்டி நீட்டிக் காட்டிக் கண்ணுக்கு விருந்தும் வைக்கிறது. ‘கற்பழிப்பு’ என்று நம் ஏடுகளும் நெடுநாள் எழுதினவே, அச்சொல்லும் இதே குற்றந்தான் புரிந்தது. அடிபட்டவள் ஒரு பெண் என்பதை விழுங்கி, அழிந்தது கற்பு என்றது.

கள்ளப் படிக்கல் வழக்குரைஞர் மடியில் இல்லை, சட்டப் புத்தகத்திலேயே இருந்தது. 1872ஆம் ஆண்டுச் சாட்சியச் சட்டத்தின் 155ஆம் பிரிவு, நான்காம் உட்பிரிவு: வன்கொடுமை வழக்கில் புகார் கூறும் பெண் பொதுவாக ஒழுக்கங்கெட்டவள் என்று காட்டி அவள் சொல்லை மதிப்பிழக்கச் செய்யலாம்! படம் வருவதற்கு ஈராண்டுகளுக்கு முன், 1978இல், காவல்நிலையத்தில் கொடுமைக்குள்ளான மராட்டிய மாநிலப் பழங்குடிச் சிறுமியின் வழக்கில் இரு காவலரையும் உச்சநீதிமன்றம் விடுவித்தது, உடலில் காயமில்லையாம்! உபேந்திர பக்சி, லோத்திகா சர்க்கார் உள்ளிட்ட நான்கு சட்டப் பேராசிரியர்கள் 1979இல் இந்தியத் தலைமை நீதிபதிக்குத் திறந்த மடல் எழுதினர். பெண்கள் தெருவுக்கு வந்தனர். 1983இல் சட்டம் திருத்தப்பட்டது. அப்போதும் அந்த உட்பிரிவு உயிரோடிருந்தது. ஒழிந்தது 2003ஆம் ஆண்டுத் திருத்தத்தில். நூற்று முப்பது ஆண்டுகள்! அதை எடுத்தெறியச் சொல்லாத படம், கதாநாயகி கையில் துப்பாக்கியைத் திணித்தது.

படம் முடிந்ததும், அடுக்களையிலிருந்து எட்டிப் பார்த்துக்கொண்டிருந்த பெண்ணொருத்தி கேட்டாள். பட்டாசு ஆலைக்கு விடியுமுன் வண்டியேறிச் செல்பவள். “துப்பாக்கி இல்லாதவ என்னண்ணே செய்வா?”

வாச்சாத்தியைச் சொன்னேன். தருமபுரி மாவட்டம், அரூர் பக்கம், சித்தேரி மலையடிவாரச் சிற்றூர். 1992 ஜூன் 20ஆம் நாள் சந்தனக் கட்டை தேடுகிறோம் என்று வனத்துறையும் காவல்துறையும் வருவாய்த்துறையும் சேர்ந்து புகுந்தன. வீடுகள் நொறுக்கப்பட்டன; பதினெட்டுப் பெண்கள் சீரழிக்கப்பட்டனர். மலைவாழ் மக்கள் சங்கம் துணைநின்றது. மிரட்டல் வந்தது, ஆண்டுகள் ஓடின. அந்தப் பெண்கள் சொன்ன சொல்லை மாற்றவில்லை. மன்றத்தில் நின்று, அரசாங்க உடை உடுத்தியவர்களுக்கு எதிராகச் சாட்சி சொன்னார்கள். 2011 செப்டம்பர் 29இல் தருமபுரி நீதிமன்றம் தீர்ப்பளித்தது. குற்றஞ்சாட்டப்பட்ட 269 பேரில் 54 பேர் அதற்குள் மாண்டிருந்தனர். எஞ்சிய 215 பேரும் குற்றவாளிகள், அவர்களில் 17 பேர் வன்கொடுமைக் குற்றத்துக்காக. மேல்முறையீட்டிலும் தீர்ப்பு நிலைத்தது. 2023இல் சென்னை உயர்நீதிமன்றம் அதை உறுதிசெய்து, பெண்கள் ஒவ்வொருவருக்கும் பத்து இலட்சம் ரூபாய் இழப்பீடு வழங்கப் பணித்தது.

“முப்பத்தோரு வருசமா?” என்றாள் அவள்.

ஆம் என்றேன். அவள் விரல்களை மடக்கி எதையோ எண்ணினாள். தன் மகளின் வயதாக இருக்கலாம், நான் கேட்கவில்லை. காலையில் ஆலை வண்டி வரும் என்று சொல்லி எழுந்து போனாள்.