தேனீயும் பொறியும்: ஒரு கணினி விளையாட்டின் உழைப்புலகம் பற்றிய சில குறிப்புகள்

கணினி விளையாட்டு ஒன்று இலக்கிய விமர்சனத்துக்குரிய பொருளாகுமா என்ற வினா எழுதல் இயல்பே. நாவலை ஆய்வுப் பொருளாக ஏற்பதற்கே தமிழ்த்துறைகள் தயங்கிய காலம் ஒன்று இருந்தது என்பதை நினைவிற் கொண்டால், இவ்வினாவுக்கு விடை கூறுதல் அத்துணை அரிதன்று. மனிதர் படைத்த ஓர் உலகம். அவ்வுலகிலே உயிர்களுக்கும் பொருள்களுக்குமிடையே விதிக்கப்பட்ட உறவுகள். அவ்வுறவுகளுக்கூடாக நுகர்வோன் பெறும் அனுபவம் ஆகிய மூன்றும் உள்ளவிடத்து விமர்சகனுக்கு வேலை உண்டு. படைப்பு அச்சிலே உள்ளதா திரையிலே உள்ளதா என்பது அதற்குப் பிற்பட்ட வினாவாகும்.

நாம் இங்கு எடுத்துக்கொள்வது மைன்கிராப்ட் எனும் விளையாட்டு. சுவீடனைச் சேர்ந்த மார்கஸ் பெர்சன் தொடக்கிவைத்த இது 2011 நவம்பரிலே முழுவடிவம் பெற்று வெளியாயிற்று. 2014இல் இதனை உருவாக்கிய மொஜாங் நிறுவனத்தை மைக்ரோசொப்ட் 250 கோடி டொலருக்கு வாங்கிற்று. 2023 அளவில் விற்பனை 30 கோடிப் பிரதிகளைத் தாண்டிவிட்டது. கனசதுரக் கட்டிகளாலான உலகொன்றிலே மண்ணை அகழ்ந்து, மரத்தை வெட்டி, வீடும் கோட்டையும் நகரமும் எழுப்புவதே விளையாட்டு. 2019 டிசெம்பரிலே இவ்வுலகினுள் தேனீக்கள் வந்து சேர்ந்தன. அதுமுதல் விளையாடுவோர் தேனீ வளர்ப்போராகவும் ஆயினர். அவ்வளர்ப்பின் விதிகளையே இங்கு ஆராய முற்படுகின்றோம்.

தேன்கூடு வெறும் கூடாக மட்டும் மனித சிந்தனையில் இருந்ததில்லை. ஒவ்வொரு காலமும் தன் சமுதாய அமைப்பை அதனுள்ளே கண்டது. கி.மு. 29 அளவில் நிறைவெய்திய வேர்ஜிலின் வேளாண்மைக் காவியத்தின் நான்காம் பகுதியிலே கூட்டை ஆள்வோன் அரசன். 1609இல் ஆங்கிலேயராகிய சாள்ஸ் பட்லர் தமது தேனீ நூலின் தலைப்பிலேயே அதனைப் பெண்ணரசு என்றார். எலிசபெத் அரசி மறைந்து ஆறாண்டுகளே அப்போது கழிந்திருந்தன. 1705இல் மன்டவில் எழுதிய செய்யுளிலே கூடு ஒரு சந்தையாகிவிடுகின்றது. தனியொருவரின் பேராசையே பொதுநலனாகக் கனிகின்றது என்ற வாதத்தை, வளர்ந்துவந்த வணிக வர்க்கத்தின் சார்பிலே வெட்கமின்றிக் கூறிய செய்யுள் அது. ஜோர்ஜ் குரூக்ஷாங் 1840இல் வரைந்து, வாக்குரிமை விரிவாக்கத்துக்கு எதிராக 1867இல் வெளியிட்ட ஓவியத்திலோ பிரித்தானியாவே ஒரு தேன்கூடு: உச்சியில் அரச குடும்பம், அடித்தளத்திலே வங்கியும் படைகளும், இடையே தத்தம் அறைகளில் அடங்கிய தொழிலாளர். மூலதனம் நூலின் முதற்பாகம் வெளிவந்ததும் அதே ஆண்டிலேயே என்பது தற்செயல்தான். ஆயினும் மனங்கொள்ளத்தக்க தற்செயல்.

இவ்வுருவகங்கள் யாவற்றுக்கும் பொதுவானதொரு பண்பு உண்டு. ஆள்வோரும் ஆளப்படுவோரும் கூட்டின் உள்ளேயே இருந்தனர். மைன்கிராப்டின் கூட்டிலே அரசனுமில்லை, இராணியுமில்லை. ஆண் தேனீக்கள் என்ற சோம்பேறிகளுமில்லர். ஒரு கூட்டிலே இருக்கத்தக்கன மூன்று தேனீக்கள். மூன்றும் ஒரே வகையான உழைப்பாளிகள். உடைமையாளன் கூட்டுக்கு வெளியே நிற்கின்றான். அவன் தேனீயே அல்லன். திரைக்கு முன் அமர்ந்திருக்கும் மனிதன். இம்மாற்றம் நமது ஆய்வின் தொடக்கப் புள்ளியாகும்.

மூலதனத்தில் உழைப்புச் செயன்முறை பற்றிய அத்தியாயத்தில் மார்க்ஸ் தேனீயையும் கட்டடக் கலைஞனையும் ஒப்பிட்டமையை அறியாதார் இலர். மெழுகறைகளைத் தேனீ எத்துணை நேர்த்தியாக அமைத்தாலும், கட்டுமுன் அதனை மனத்திலே கட்டிவிடும் ஆற்றல் மனிதனுக்கே உரியது என்பது அவ்வொப்பீட்டின் சாரம். அங்கே தேனீயும் ஒரு கட்டுநர். தாழ்ந்த கட்டுநர், அவ்வளவே. மைன்கிராப்டிலோ தேனீக்குக் கட்டத் தெரியாது. மரங்களிலே கூடுகள் இயற்கையாகவே அமைந்துள்ளன. புதிய பெட்டி வேண்டுமாயின் ஆறு பலகைகளையும் மூன்று தேன்வதைகளையும் சேர்த்து விளையாடுவோனே ஆக்குதல் வேண்டும். கட்டும் ஆற்றல் முழுவதும் ஒரு பக்கத்திலே குவிந்துவிட்டது. தன் உழைப்பின் விளைவாகிய வதையாலான வீட்டிலே தேனீ குடியிருக்கின்றது. ஆயின் அவ்வீடு பிறனுடையது.

உற்பத்தி முறையை நோக்குவோம். தேனீ பூவை நாடிச் சென்று மகரந்தம் சுமந்து மீள்கின்றது. அவ்வாறு மீளுந்தோறும் கூட்டின் தேன் அளவு பொதுவாக ஒரு படி உயர்கின்றது. ஐந்தாம் படியிலே கூடு நிறைந்து வழியும். அப்போது கத்தரிக்கோலால் வெட்டினால் மூன்று வதைகள். வெறும் போத்தலைப் பிடித்தால் ஒரு போத்தல் தேன். அளவு மீண்டும் பூச்சியமாகும். தேனீ மறுபடியும் புறப்படும்.

இங்கே ஒன்று விடுபட்டுள்ளது. இத்தேனீக்கள் தேனை உண்பதில்லை. இயற்கையிலே தேன் என்பது பூக்கள் அற்ற காலத்துக்காகக் கூட்டம் சேமிக்கும் உணவு. அதனாலேயே தேன் எடுப்போர் ஒரு பகுதியை விட்டுவைப்பர். அல்லது சீனிப்பாகு ஊட்டுவர். 1852இல் அமெரிக்கரான லாங்ஸ்ட்ரொத் கழற்றத்தக்க சட்டங்களுள்ள பெட்டிக்கு உரிமம் பெற்றதன் சிறப்பும், கூட்டை அழியாது தேனைப் பெறலாம் என்பதிலேயே தங்கியிருந்தது. விளையாட்டிலோ ஐந்து படித் தேனையும் முற்றாக எடுத்தாலும் தேனீக்கு யாதொரு இழப்புமில்லை. அது பசியால் வாடுவதில்லை, முதுமையால் இறப்பதுமில்லை. அரசியற் பொருளாதாரத்தின் மொழியிற் கூறுவதாயின், உழைப்பாளியின் உயிர்வாழ்வுக்குத் தேவையான உழைப்பு பூச்சியமாகி, வேலை முழுவதும் உபரி உழைப்பாகவே அமைகின்றது. கூலியற்ற, பராமரிப்பற்ற, தேய்வற்ற உழைப்பாளியை எந்த ஆலை முதலாளியும் கனவிலேயே கண்டிருப்பான்.

ஆயினும் இத்தேனீக்கு ஒரு குணம் விட்டுவைக்கப்பட்டுள்ளது. அது சினக்கும். தேனை நேரே கையால் எடுத்தால் கூட்டிலுள்ளவை கண்சிவந்து வெளிப்போந்து தாக்கும். ஒன்றை அடித்தால் அயலிலுள்ளவையும் சேர்ந்து வரும். கொட்டிய தேனீ கொடுக்கை இழந்து ஏறக்குறைய ஒரு நிமிடத்திலே இறந்துவிடும். உண்மைத் தேனீக்கள் நடனத்தால் ஒன்றுக்கொன்று வழி சொல்வன என்பதைக் கார்ல் வொன் பிரிஷ் விளக்கினார்; 1973இல் அவருக்கு நோபல் பரிசும் கிடைத்தது. விளையாட்டுத் தேனீக்களிடம் அந்நடனம் இல்லை. அவற்றிடம் எஞ்சியுள்ள கூட்டுச்செயல் இச்சினம் ஒன்றே எனலாம்.

சினத்தைத் தவிர்க்க வழிகள் இரண்டு. கூட்டின் கீழே விறகுத்தீ மூட்டிப் புகையெழுப்புவது ஒன்று. இவ்விடத்து நமது விமர்சகர் சிலர் புகையே கருத்துநிலை, அதுவே உழைப்போரை மயக்கும் அபின் என்று எழுதத் துடிப்பர் என்பதை அறிவோம். அத்தகைய எளிய சமன்பாடுகள் மார்க்சிய விமர்சனத்துக்கு விளைத்த கேடு போதும். புகையிடுதல் தேனீ வளர்ப்போரின் பழைய தொழில்முறை. விளையாட்டு அதனை உள்ளவாறே எடுத்தாண்டுள்ளது. அதிலே உருவகம் தேடவேண்டியதில்லை.

இரண்டாவது வழியே நமது கவனத்துக்குரியது. டிஸ்பென்சர் எனப்படும் பெட்டிப்பொறி ஒன்றினுள் கத்தரிக்கோலையோ போத்தல்களையோ இட்டுக் கூட்டின் முன் வைக்கின்றனர். தேன் அளவை உணர்ந்து சமிக்ஞை அனுப்பும் உறுப்பொன்றை அதனுடன் இணைக்கின்றனர். ஐந்தாம் படி எட்டியதும் பொறி தானே அறுத்துக்கொள்ளும். அப்போது தேனீக்கள் சினப்பதில்லை, புகையும் வேண்டியதில்லை. கை எடுத்தபோது எழுந்த சினம் பொறி எடுக்கும்போது எழுவதில்லை. எடுக்கப்படுவது அதே தேன். சென்று சேர்வதும் அதே உடைமையாளனின் களஞ்சியமே.

நாம் அறிந்த வரலாறு வேறு. இங்கிலாந்திலே 1811 முதல் சில ஆண்டுகள் லுடைற்றுகள் நெசவுப் பொறிகளை உடைத்தனர். பொறியையும் அதனை மூலதனம் பயன்படுத்தும் முறையையும் வேறுபடுத்திக் காணத் தொழிலாளருக்குக் காலமும் அனுபவமும் வேண்டியிருந்தன என்று மார்க்ஸ் பின்னர் விளக்கினார். அவர்கள் பிழையான இலக்கைத் தாக்கினர் எனினும், பொறி எங்கு வந்ததோ அங்கு சினமும் வந்தது. விளையாட்டின் விதியோ இதற்கு நேர்மாறானது: பொறி வந்ததும் சினம் மறைகின்றது. பறிப்பவன் மறைந்து, பறித்தல் பொருளுக்கும் பொருளுக்கும் இடைப்பட்ட இயல்பு நிகழ்ச்சியாகிவிடுகின்றது. இதனை எவரும் திட்டமிட்டுக் கருத்துப் பரப்பலாகச் செய்தார் என நாம் கருதவில்லை. பொறிக்கு உடைமையாளன் இல்லை, அது நடுநிலையானது என்ற எண்ணம் விதியை எழுதியோருக்கு ஐயத்துக்கிடமின்றி இயல்பாகத் தோன்றியிருத்தல் கூடும். கருத்துநிலை வலுப்பெறுவது அவ்வாறு இயல்பாகத் தோன்றும்போதே.

வேலைநேரம் பற்றியும் ஒரு வார்த்தை. இரவிலும் மழையிலும் தேனீக்கள் வெளிவருவதில்லை. இவ்வோய்வை இயற்கை வழங்கியுள்ளது. ஆயின் நெதர் எனும் பாதாள உலகும் இவ்விளையாட்டிலே உண்டு. நெருப்பாறுகள் ஓடும் அவ்வுலகில் பகலிரவு இல்லை. கூடுகளை அங்கே கொண்டுசென்று, அருகே பூக்களையும் வைத்துவிட்டால் தேனீக்கள் ஓயாது உழைக்கும். இங்கிலாந்தின் 1847ஆம் ஆண்டுப் பத்துமணிநேரச் சட்டம் வரையிலான போராட்டத்தையும், இரவு வேலையால் பகலின் எல்லையை ஆலைகள் கடந்தமையையும் மூலதனத்திலே வாசித்தோருக்கு இவ்வேற்பாடு புதிதாகத் தோன்றாது. தொழிலாளரை நரகத்துக்குக் கொண்டுசெல்வதை அங்கே ஓர் உவமையாகக் கூறலாம். இங்கே அது விளையாட்டு நுட்பம்.

இவ்வளவும் கூறியபின், இதனைச் சிறுவரைக் கெடுக்கும் பொருள் என ஒதுக்குவார் பக்கம் நாம் சேரப்போவதில்லை. தேனீ வளர்ப்போன் பூக்களை நடுகின்றான்; ஈரிரு தேனீக்களுக்குப் பூவூட்டி இனம் பெருக்குகின்றான்; மகரந்தம் சுமந்த தேனீ மேலே பறந்தால் வயலிலே பயிர் விரைந்து வளரக் காண்கின்றான். உயிர்கள் ஒன்றையொன்று சார்ந்திருத்தல் பற்றிய உண்மை அதிலே உண்டு. தானே திட்டமிட்டுக் கட்டுவதன் மகிழ்ச்சி, அன்றாட வேலையிலே மறுக்கப்பட்ட பலருக்கு இங்கு கிடைக்கின்றது என்பதும் சிறிய செய்தியன்று.

1888இல் மார்கரெட் ஹார்க்னெஸ் எனும் நாவலாசிரியைக்கு எழுதிய கடிதத்திலே எங்கெல்ஸ், பல்சாக் தமது அரசியற் சார்புக்கு மாறாகவும் உண்மையைக் காட்டினார் என்றார். அதே அளவுகோலை இங்கு அப்படியே பொருத்த முடியுமா? பாதியளவே முடியும் என்பது நமது கருத்து. பல்சாக்கின் வாசகன் சுரண்டலைக் காண்கின்றான்; கண்டு வெறுக்கவோ இரங்கவோ அவனுக்கு இடமுண்டு. விளையாடுவோன் காண்பவனல்லன், செய்பவன். போத்தலைப் பிடித்திருப்பது அவன் கை. பொறியை அமைத்து அக்கையை மறைப்பவனும் அவனே. பாத்திரத்தோடு வாசகன் ஒன்றுபடுதல், விலகி நிற்றல் என நாம் நாவலுக்காக வகுத்த கலைச்சொற்கள் இவ்விடத்திலே போதாமற் போகின்றன, புதியன தேவை.

பொறியமைக்குமாறு விளையாட்டின் விதி எதுவும் வற்புறுத்துவதில்லை என்பதையும் கூறியாக வேண்டும். தோட்டத்து மூலையிலே ஒரேயொரு பெட்டியை வைத்து, கீழே தீ மூட்டி, நிறைந்த வேளையிலே ஒரு போத்தல் மட்டும் பிடித்துச் செல்வோரும் உளர். 2021இல் மெழுகுதிரி ஆக்கவும், செம்பு களிம்பேறாது காக்கவும் வதை பயன்படத் தொடங்கியது. பெருங்கட்டடங்களுக்குச் செம்பைப் பயன்படுத்துவோருக்கு வதையின் தேவை பன்மடங்காயிற்று. கையால் எடுக்கும் அளவு அத்தேவைக்கு ஈடுகொடாது.