சேதனமும் கரிமமும்: ஒரு வேதியியற் கலைச்சொல்லின் பொருளெல்லை

யூரியாவைப் பற்றி இலங்கைத் தமிழில் இரண்டு வாக்கியங்கள் எழுதலாம். 'யூரியா ஒரு சேதனச் சேர்வை' என்பது ஒன்று. 'யூரியா சேதனப் பசளை அன்று' என்பது மற்றொன்று. இரண்டும் சரியானவை. முதலாவதை உயர்தர வகுப்பு மாணவன் விடைத்தாளில் எழுதி மதிப்பெண் பெறுகிறான். இரண்டாவதை அவனுடைய தந்தை வயல் வரம்பில் நின்று சொல்கிறார். ஒரே அடைமொழி ஒரு பொருளுக்கு ஓரிடத்தில் உரியதாகவும் மற்றோரிடத்தில் மறுக்கப்படுவதாகவும் இருப்பதைக் கலைச்சொல் ஆய்வாளர்கள் போதிய அளவு கவனித்ததாகத் தெரியவில்லை. அவர்களது விவாதம் பெரும்பாலும் 'சேதனம்' வடசொல், 'கரிமம்' தமிழ்ச்சொல் என்ற அளவில் நின்றுவிடுகிறது. வேர் எம்மொழியது என்பதைவிடச் சொல் எதைச் சுட்டுகிறது, எதைச் சுட்டத் தவறுகிறது என்பதே இங்கு முதன்மையான வினா.

குழப்பத்தின் தோற்றுவாய் தமிழில் இல்லை. 'ஆர்கானிக்' என்ற அடைமொழியை ஒரு வேதியியற் பிரிவுக்குச் சூட்டியவர்கள் பத்தொன்பதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் வாழ்ந்த ஐரோப்பிய அறிஞர்கள். அவர்களுள் சுவீடன் நாட்டு பெர்சீலியசு முதன்மையானவர். உறுப்புகள் கொண்ட உயிரினங்களிலிருந்து கிடைக்கும் பொருள்கள் ஒரு வகை, மண்ணிலும் பாறையிலும் கிடைப்பவை வேறு வகை என்பதே அன்றைய பிரிவினை. முதல் வகையை ஆய்வுக்கூடத்தில் ஆக்க இயலாது, அதற்கு ஓர் உயிராற்றல் வேண்டும் என்று பலர் நம்பினர். 1828இல் பிரீட்ரிக் வோலர் அம்மோனியம் சயனேற்றிலிருந்து யூரியாவைப் பெற்றார். சிறுநீரகத்தின் துணையின்றியே யூரியாவை ஆக்க முடிந்தது என்று தம் ஆசானாகிய பெர்சீலியசுக்கு அவர் எழுதிய செய்தி புகழ்பெற்றது. அந்த ஒரு சோதனையால் உயிராற்றற் கொள்கை ஒரே நாளில் வீழ்ந்தது என்று பாடநூல்கள் சொல்வது மிகை. 1845இல் கோல்பே அசெற்றிக் அமிலத்தை ஆக்கிக் காட்டிய பின்னரும் அக்கொள்கை மெல்ல மெல்லத்தான் தேய்ந்தது. 1861இல் கெகுலே தம் பாடநூலில் இத்துறையைக் காபன் சேர்வைகளின் இயல் என்று வரையறுத்தார். வரையறை மாறியது, பெயர் மாறவில்லை. செருமானியரும் ஆங்கிலேயரும் பழைய பெயரையே வைத்துக்கொண்டனர்.

ஆகவே தமிழில் பெயர்க்க முனைந்தவர்கள்முன் இரு வழிகள் இருந்தன. பெயரை மொழிபெயர்க்கலாம், அல்லது வரையறையை மொழிபெயர்க்கலாம். இலங்கை முதல் வழியைத் தேர்ந்தது, தமிழ்நாடு இரண்டாவதை. இரண்டுமே நேர்மையான முடிவுகள்தாம். இரண்டுக்கும் விலை உண்டு.

'சேதனம்' தத்துவ நூல்களிலிருந்து வந்த சொல். வைணவ உரைகளில் சேதனன் என்றால் அறிவுடைய ஆன்மா. அசேதனம் என்றால் அறிவற்ற சடப்பொருள். சைவ சித்தாந்த மரபினருக்கும் இவ்வேறுபாடு அன்றாடப் பாடம். இச்சொல்லைப் பெற்றோலுக்கும் நாப்தலீனுக்கும் பொலித்தீனுக்கும் சூட்டுவது ஒரு வைணவ உரையாசிரியருக்குச் சிரிப்பூட்டியிருக்கும். உண்மையில் 'சேதனம்' 'ஆர்கானிக்' என்பதன் நேர்ப்பெயர்ப்பும் அன்று. மூலச்சொல் உறுப்பைக் குறிக்கிறது, உணர்வை அன்று. மரத்துக்கு உறுப்பு உண்டு என்பதில் ஐயமில்லை. சேதனம் உண்டா என்பது வாதத்துக்குரியது. (தமிழ் எழுத்தில் வெட்டுதல் என்னும் பொருள்கொண்ட மற்றொரு வடசொல்லும் 'சேதனம்' என்றே எழுதப்படுவதைப் பழைய அகராதிகளைப் புரட்டுவோர் காண்பர். இத்தகைய விபத்து எம்மொழியிலும் நேரும். அதைக் குறையாகக் கொள்ள வேண்டியதில்லை.) ஐரோப்பியர் கைவிட்ட உயிராற்றல் எண்ணத்தை இச்சொல் உயிர்ப்பிப்பதோடு நில்லாமல், ஒரு படி உயர்த்தி உணர்வாற்றலாகவும் ஆக்கிவிடுகிறது என்பதே உண்மைக் குறை.

'கரிமம்' இந்தச் சிக்கலைத் தவிர்க்கிறது. தனிமம், சேர்மம், கனிமம் ஆகியவற்றோடு ஒரு குடும்பமாக நின்று, கெகுலேயின் வரையறையைப் பெயரிலேயே தருகிறது. ஆனால் அது தரும் வரையறை முழுமையானதா? கரியமில வாயு, சுண்ணாம்புக்கல், சயனைடுகள் ஆகியவற்றிலும் கரி உண்டு; அவற்றை மரபு கனிம வேதியியலில்தான் வைக்கிறது. மேலும், தமிழ்நாட்டுப் பாடநூல்கள் தனிமத்தைக் 'கார்பன்' என்றும் துறையைக் 'கரிம வேதியியல்' என்றும் எழுதுகின்றன. கார்பனுக்கும் கரிமத்துக்கும் உள்ள உறவை ஆசிரியர் சொன்னால் ஒழிய மாணவன் அறியான். வரையறையைப் பெயருக்குள் வைத்த நன்மை அங்கே பாதி கரைந்துவிடுகிறது. கரிமம், கனிமம் என்ற இணையோ ஓரெழுத்து வேறுபாட்டில் நிற்கிறது. விரைவாகப் பேசப்படும் விரிவுரையிலும் அச்சுப்பிழை மலிந்த வினாத்தாளிலும் எதிர்ப்பொருள் தரும் இரு சொற்கள் இவ்வளவு நெருங்கி ஒலிப்பது நல்ல சொல்லாக்கம் ஆகாது. சேதனம், அசேதனம் என்ற இணை இவ்வகையில் தெளிவானது. அதன் எதிர்மறை முதலெழுத்திலேயே கேட்கிறது.

வகுப்பறைக்குள் மட்டும் வழங்கியிருந்தால் இரண்டு சொற்களையும் பொறுத்துக்கொள்ளலாம். கலைச்சொல் என்பது பெரிதும் வழக்கத்தால் பொருள் பெறுவது. 'அணு' என்ற சொல்லைக் கேட்டு எவரும் வைசேடிகத்தை நினைப்பதில்லை. சிக்கல் எழுவது 'ஆர்கானிக்' வயலுக்கு வரும்போது. வேளாண்மையில் அச்சொல் சேர்மத்தின் அமைப்பைக் குறிப்பதில்லை. பொருள் எவ்வழியில் வந்தது என்பதைக் குறிக்கிறது. சாணமும் குழையும் 'ஆர்கானிக்'. ஆலையில் ஆக்கிய யூரியா அன்று, அதில் காபன் இருந்தாலும். உயிரினத்திலிருந்து வந்ததா என்ற பெர்சீலியசு காலத்து வினாவே இங்கு மீண்டும் ஆட்சி செய்கிறது. அந்த வினாவைத் தகர்த்ததாகப் பாடநூல்கள் போற்றும் அதே பொருள் வயலில் விலக்கப்படுவது வேதியியல் வரலாற்றின் விந்தைகளுள் ஒன்று.

இந்தி இவ்விடத்தில் தெளிவாக நடந்துகொண்டது. வேதியியலுக்கு 'கார்பனிக்', வேளாண்மைக்கு 'ஜைவிக்' என்று இரு சொற்களைப் பிரித்துக்கொண்டது. தமிழ்நாட்டிலும், திட்டமிட்டோ தற்செயலாகவோ, பிரிவு நிகழ்ந்தது: துறை கரிம வேதியியல், பயிர்த்தொழில் மக்கள் வழக்கில் இயற்கை வேளாண்மை, அலுவலகத் தாள்களில் அங்கக வேளாண்மை அல்லது உயிர்ம வேளாண்மை. மண்ணாய்வில் 'அங்ககக் கரிமம்' என்று எழுத முடிவது இப்பிரிவினால்தான். இல்லையேல் அது 'கரிமக் கரிமம்' ஆகியிருக்கும். இலங்கையில் சிங்களம், தமிழ் இரண்டுமே ஒரு சொல்லை இரு துறைக்கும் வைத்துக்கொண்டன. சிங்களத்தில் அது 'காபனிக'. அதே சொல்தான் பசளைக்கும். பொருள் முரண் சிங்களத்தில் இன்னும் வெளிப்படையானது, ஏனெனில் யூரியாவில் காபன் இருப்பதை யாரும் மறுக்க இயலாது.

இலங்கைத் தமிழுக்கு மட்டும் உரிய மற்றொரு முடிச்சு உண்டு. அங்கே துறையின் பெயர் 'சேதன இரசாயனம்'. வயலில் எதிரெதிர் நிற்பவை 'சேதனப் பசளை'யும் 'இரசாயனப் பசளை'யும். வகுப்பறையில் முதற்சொல் இரண்டாவதன் அடைமொழி. வரம்பில் முதற்சொல் இரண்டாவதன் பகை. சித்த, ஆயுர்வேத மரபுகளில் உடலைப் புதுப்பிக்கும் மருந்துக்குப் பெயராயிருந்த இரசாயனம் இன்று நஞ்சின் மறுபெயராக வழங்குகிறது. தமிழ்நாட்டில் துறை 'வேதியியல்' என்று பெயர் மாற்றம் பெற்றமையால், 'ரசாயன உரம்' என்ற வழக்கு துறையின் பெயரைக் கறைப்படுத்தவில்லை. தனித்தமிழ் ஆர்வம் எண்ணியிராத நன்மை இது.

2021 மே மாதத்தில் இலங்கை அரசு இரசாயனப் பசளை இறக்குமதியைத் தடை செய்தது. அவ்வாண்டு நவம்பரிலேயே அதைத் தளர்த்தியது. இடைப்பட்ட மாதங்களில் காலபோக நெற்செய்கைக்கு யூரியா கிடைக்காமல் வன்னியிலும் கிழக்கிலும் உழவர்கள் பட்ட இடர் யாவரும் அறிந்ததே. ஒரு கலைச்சொல் அக்கொள்கையை உருவாக்கிற்று என்று வாதிடுவது அபத்தம். அன்னியச் செலாவணித் தட்டுப்பாடு உட்பட அதன் காரணங்கள் வேறு. ஆனால் ஒரு கொள்கையை மக்கள் எடைபோடும்போது அவர்கள் கையிலுள்ள கருவி சொல்தான். யூரியாவில் நைதரசன் நூற்றுக்கு 46 பங்கு. தொழுவுரத்தில் அது மிகச் சிறிய பங்கு. பயிர் கேட்பது இந்த எண்ணை. உயிருள்ளது, உயிரற்றது என்று ஒலிக்கும் இணை அந்த எண்ணைப் பின்னுக்குத் தள்ளி, வேளாண் வினாவை அறத்தேர்வாக மாற்றிவிடுகிறது. 'தொழுவுரமா, யூரியாவா, எவ்வளவு' என்று கேட்க வேண்டிய இடத்தில் 'சேதனமா, அசேதனமா' என்று கேட்க நேர்ந்தது.

புலம்பெயர் நாடுகளில் இதே சொல் குப்பைத் தொட்டிக்கும் வந்துவிட்டது. கனடிய நகரங்கள் பலவற்றில் பச்சைத் தொட்டியில் இட வேண்டியவை 'ஆர்கானிக்ஸ்' எனப்படுகின்றன. மொழிபெயர்ப்பாளர் இலங்கையராயின் 'சேதனக் கழிவு' என எழுதக்கூடும், வாழைப்பழத்தோலுக்குப் பொருந்தும். தமிழ்நாட்டவர் அகராதியைப் பார்த்துக் 'கரிமக் கழிவு' என எழுதினால், வேதியியல் அறிந்தவர் நெகிழிக் கரண்டியையும் அதில் போட உரிமை பெறுகிறார். அதுவும் கரிமச் சேர்மமே. ஆங்கிலச் சொல் ஒன்றாயிருப்பதால் தமிழ்ச் சொல்லும் ஒன்றாயிருக்க வேண்டும் என்ற எண்ணமே பிழையின் வேர். 1938இல் சென்னை மாகாணத் தமிழ்ச் சங்கம் வெளியிட்ட கலைச்சொற்கள் முதல், 1950களில் இலங்கை அரசு வெளியிட்ட சொற்றொகுதிகள் வரை நம் பட்டியல்கள் இடப்பக்கம் ஆங்கிலம், வலப்பக்கம் தமிழ் என்ற வடிவில் பெரிதும் அமைந்தன. அவற்றின் உழைப்பு போற்றத்தக்கது. ஆனால் அந்த வடிவம் சொல்லுக்குச் சொல் கொடுக்கும். எவ்விடத்தில், எதற்கு எதிராக வழங்கும் சொல் என்பதைக் கொடாது.

வேதியியலில் 'கரிமம்' இருக்கட்டும். ஆனால் அதன் இணையாகிய 'கனிமம்' மாற வேண்டும். 'கரிமமல்லாத' என்பது நீளமாயினும் காதுக்குத் தெளிவு. இலங்கைப் பாடநூல்கள் 'சேதன'த்தை விடாமல் வைத்திருக்க விரும்பினால், பசளையை அச்சொல்லிலிருந்து விடுவிக்க வேண்டும். அதற்குப் புதுச்சொல் தேட வேண்டியதுமில்லை: எரு, குழை, தொழுவுரம் என்று பொருளைப் பொருளாகவே சொல்லும் பெயர்கள் உழவர் வாயில் உள்ளன. குப்பைத் தொட்டிக்கோ தமிழ்நாட்டுத் தெருக்கள் 'மக்கும் குப்பை' என்றும், இலங்கை வழக்கு 'உக்கும் கழிவு' என்றும் எப்போதோ எழுதிவிட்டன. பொருள் எங்கிருந்து வந்தது, அதில் என்ன தனிமம் உண்டு என்ற இரண்டையும் விட்டு, அது என்ன ஆகும் என்பதை அவை சொல்கின்றன. தொட்டியின் மூடியைத் திறப்பவருக்குத் தேவைப்படுவதும் அதுவே.