திடன் என்பது யாது?
சிறுவர் நூல்கள் இரண்டும் நோயுற்ற பிள்ளைகளின் இல்லங்களும்

பல ஆண்டுகளுக்கு முன் மருத்துவமனையொன்றின் குழந்தைகள் பிரிவில் எட்டு வயதுச் சிறுவன் ஒருவனுக்காக மன்றாடச் சென்றிருந்தேன். செவிலியார் அவன் கையில் ஊசி ஏற்ற வந்தபோது அவன் அழத் தொடங்கினான். "தம்பி, நீ தாவீதைப் போலத் தைரியசாலி அல்லவா? அழக்கூடாது" என்றேன். அவன் உடனே அழுகையை அடக்கிக்கொண்டான். ஆயினும் நான் விடைபெறும்வரை என் பக்கம் திரும்பவேயில்லை. என்னை வாயில்வரை வழியனுப்ப வந்த தாயார், "ஐயா, அவன் என் முன்னிலையில் மட்டுமே அழுவான். இனி என்னிடமும் அழமாட்டானோ என்று பயமாயிருக்கிறது" என்றார். அன்று நான் ஒரு பிள்ளைக்குத் திடனளித்ததாக எண்ணிக்கொண்டு வெளியேறினேன். உண்மையில் அவனிடமிருந்த ஒன்றைப் பறித்துக்கொண்டு வந்திருந்தேன் என்பதைப் பின்னரே உணர்ந்தேன்.

இவ்வனுபவத்தின் ஒளியில் சிறுவர் நூல்கள் இரண்டை மீண்டும் வாசித்தேன். சிறுவர் நூல்களுக்கு இறையியல் ஏட்டில் என்ன வேலை என்று வாசகர் வினவலாம். ஞாயிறு பள்ளியிலும் நோயாளர் படுக்கையருகிலும் துணிவைக் குறித்து நாம் பேசும் சொற்களில் பெரும்பகுதி, நாம் எண்ணுவதுபோலத் திருமறையிலிருந்து வருவதில்லை. சிறுவயதில் கேட்ட கதைகளிலிருந்தே வருகிறது. ஆகவே அக்கதைகள் துணிவென்று எதைச் சொல்லுகின்றன என ஆராய்வது திருப்பணியாளரின் கடமையே.

முதலாவது நூல், லூத்விக் பெமல்மன்ஸ் எழுதிப் படமும் வரைந்த 'மேட்லின்'. 1939ஆம் ஆண்டு வெளிவந்தது. பாரிஸ் நகரில் பன்னிரண்டு சிறுமியர் இரு வரிசையாய் வாழும் ஓர் இல்லம். அவர்களுள் மிகச் சிறியவள் மேட்லின். எலிகளுக்கு அவள் அஞ்சுவதில்லை. விலங்குக்காட்சிச் சாலையில் புலியையும் பொருட்படுத்துவதில்லை. ஒருநாள் நள்ளிரவில் அவளுக்குக் குடல்வால் அழற்சி உண்டாகிறது. மருத்துவர் வருகிறார். போர்வையில் சுற்றி எடுத்துச் செல்லப்பட்ட அவளுக்கு அறுவை மருத்துவம் நடக்கிறது. பத்து நாட்களுக்குப் பின் காணவந்த தோழியர், அவள் தந்தை அனுப்பிய பொம்மை வீட்டையும் விளையாட்டுப் பொருள்களையும் கண்டு வியக்கின்றனர். எல்லாவற்றிலும் மேலாக, அவள் தன் வயிற்றிலுள்ள தழும்பைப் பெருமையோடு காட்டுகிறாள். அன்றிரவு மற்றப் பிள்ளைகள் எல்லாரும் தங்களுக்கும் குடல்வாலை எடுத்துவிட வேண்டுமென்று அழுகின்றனர். பெமல்மன்ஸ் 1938இல் பிரான்சு நாட்டுத் தீவொன்றில் விபத்துக்குள்ளாகி மருத்துவமனையில் கிடந்த நாட்களிலிருந்தே இக்கதை முளைத்தது. படுக்கையில் கிடக்கும் மேட்லின் கூரையிலுள்ள வெடிப்பொன்றில் முயலின் வடிவைக் காண்கிறாள். நெடுநேரம் மல்லாந்து கிடந்தவர் அன்றி வேறு யாருக்கும் இந்த நுட்பம் தோன்றியிராது.

இந்நூலின் மெய்யான சிறப்பு ஒன்று பெரும்பாலும் கவனிக்கப்படுவதில்லை. புலிக்கு அஞ்சாத அதே சிறுமி நோயுற்ற இரவில் கண் சிவக்க அழுகிறாள். ஆசிரியர் அதை மறைக்கவுமில்லை, மன்னிப்புக் கேட்கவுமில்லை. யாரும் அவளைப் பார்த்து, "நீயா அழுவது?" என்று கேட்பதில்லை. மாறாக, அந்த அழுகையே மருத்துவரை வரவழைக்கிறது. அழாதிருந்தால் அவள் பிழைத்திருக்கமாட்டாள் என்றுகூடச் சொல்லலாம். நான் அச்சிறுவனிடம் சொன்னதற்கு நேர் எதிரான செய்தியை இந்தப் படநூல் விளக்கவுரை ஏதுமின்றிச் சொல்லிவிடுகிறது.

ஆயினும் குறையும் உண்டு. இக்கதையில் நோய் பத்து நாளில் முடிகிறது, தழும்பு பதக்கமாகிறது. தந்தையின் பரிசு வருகிறது, தந்தை வருவதில்லை. நீண்டநாள் நோயுடன் போராடும் இல்லங்களில் இப்படி நிகழ்வதில்லை. எனினும் இறுதிப் பக்கத்தில் அழும் பதினோரு சிறுமியரை வெறும் நகைச்சுவை என்று தள்ளிவிடலாகாது. நோயுற்ற பிள்ளையின் அண்ணனும் தங்கையும் வீட்டில் எங்ஙனம் தவிக்கின்றனர் என்பதை அப்பக்கம் அறியாமலே காட்டுகிறது. பெற்றோரின் கவனமெல்லாம் ஒரு படுக்கையைச் சுற்றியிருக்கையில், தானும் நோயுற்றால் நலமாயிருக்குமே என்று எண்ணாத உடன்பிறப்பு அரிது. நாமோ அவ்வில்லங்களுக்குச் சென்றால் நோயாளியின் பெயரை மட்டுமே சொல்லி மன்றாடி வருகிறோம்.

இரண்டாவது நூல், எலினர் கோயர் எழுதி 1977இல் வெளிவந்த 'சடாக்கோவும் ஆயிரம் காகிதக் கொக்குகளும்'. 1993இல் எட் யங் என்னும் ஓவியரின் வண்ணச் சித்திரங்களுடன் இக்கதை படநூலாகவும் வந்தது. இது கற்பனைப் பாத்திரத்தின் கதையன்று. சடாக்கோ சசாக்கி 1943இல் பிறந்தவள். 1945 ஆகஸ்ட் 6ஆம் நாள் ஹிரோஷிமாவின்மீது அணுகுண்டு விழுந்தபோது அவளுக்கு இரண்டு வயது. அன்று உயிர்தப்பியவளை 1955இல் இரத்தப் புற்றுநோய் பற்றியது. பிப்ரவரி மாதம் மருத்துவமனையில் சேர்க்கப்பட்டவள் அதே ஆண்டு அக்டோபர் 25ஆம் நாள், பன்னிரண்டு வயதில் மறைந்தாள். ஆயிரம் காகிதக் கொக்குகள் மடிப்பவரின் விருப்பம் நிறைவேறும் என்ற ஜப்பானிய நம்பிக்கையின்படி அவள் கொக்குகள் மடித்தாள். மருந்துகள் சுற்றிவந்த தாள்களையும் அதற்குப் பயன்படுத்தினாள். பள்ளித் தோழர்களின் முயற்சியால் எழுந்த சிறுவர் அமைதி நினைவுச் சின்னம் 1958 மே 5ஆம் நாள் திறக்கப்பட்டது.

கோயரின் நூலில் சடாக்கோ 644 கொக்குகளை மடித்த நிலையில் மரிக்கிறாள். எஞ்சியவற்றைத் தோழர்கள் மடித்து ஆயிரத்தை நிறைவுசெய்கின்றனர். கதையாக இது உருக்கமான முடிவு. ஆனால் அவளுடைய குடும்பத்தாரும் ஹிரோஷிமா அமைதி நினைவு அருங்காட்சியகமும் கூறுவது வேறு. அவள் ஆயிரத்தை மடித்து முடித்தாள். முடித்த பின்னும் மடித்துக்கொண்டேயிருந்தாள்.

இவ்வேறுபாடு வெறும் எண்ணிக்கைப் பிழையன்று. 644இல் நின்றுவிட்ட கதை, கேட்கும் பிள்ளையின் உள்ளத்தில் ஒரு மறைமுகமான ஆறுதலை விதைக்கிறது: ஆயிரம் நிறைந்திருந்தால் அவள் பிழைத்திருப்பாளோ? மரணத்திற்குக் காரணம் குறைந்துபோன 356 கொக்குகளே என்பதாகிவிடுகிறது. ஆயிரமும் நிறைந்து, விருப்பமும் நிறைவேறாமற்போன உண்மைக் கதையோ எந்தச் சமாதானத்தையும் தருவதில்லை. இதே கணக்கை நம் திருச்சபைகளிலும் கேட்டிருக்கிறோம். "இன்னும் சற்று அதிகமாய் உபவாசித்திருந்தால்", "விசுவாசம் குறைவுபடாதிருந்தால்" என்று பிள்ளையை இழந்த பெற்றோரிடம் சொல்லும் உபதேசியார் 644 என்ற எண்ணையே வேறு சொற்களில் சொல்லுகிறார். ஏற்கெனவே உடைந்த தாயின் தோளில் குற்றச்சுமையும் ஏறுகிறது. தாவீது நோயுற்ற தன் பிள்ளைக்காக ஏழு நாள் உபவாசித்துத் தரையில் கிடந்தான், பிள்ளை மரித்தது. அவன் செய்த குற்றத்தைக் கண்டிக்கத் தயங்காத திருமறையும், அவனுடைய மன்றாட்டு போதவில்லை என்று எங்கும் சொல்லவில்லை.

என் கருத்தில் சடாக்கோவின் மெய்யான துணிவு ஆயிரத்தோராவது கொக்கில் இருக்கிறது. பயன் கிட்டாது என்று கண்ட பின்னும் அவள் கைகள் ஓயவில்லை. கோயரின் நூல் இழந்துவிட்டது இந்தக் கொக்கைத்தான்.

இன்னொன்றும் உண்டு. பெற்றோர் அவளிடம் நோயின் பெயரைச் சொல்லவில்லை. ஆனால் அவள் தன் இரத்தப் பரிசோதனையின் எண்களைத் தாளொன்றில் குறித்து மறைவாய் வைத்திருந்தாள். அவள் மறைந்த பின்னரே அது வெளிப்பட்டது. கோயரின் நூலிலும் இதற்கு ஒப்பானதொரு பக்கம் உண்டு. கென்ஜி என்னும் சிறுவன், தன் இரத்த அளவுகளைத் தானே வாசிக்க முடியுமென்றும் அவை நாளுக்குநாள் மோசமாகின்றன என்றும் சொல்லுகிறான். அருகிலிருந்த செவிலியார் திகைத்துப்போய் அவனை அப்புறம் கொண்டுசெல்கிறார். நூலின் மிக நேர்மையான பக்கம் இதுவே. உண்மையை அறிந்த பிள்ளை பேசுகிறான்; பெரியவர்களோ அந்த இடத்தைவிட்டு அகல வழிதேடுகின்றனர்.

மைரா புளூபாண்ட்-லாங்னர் என்னும் மானிடவியலார் 1978இல் வெளியிட்ட நூலொன்று இதற்குச் சான்று பகருகிறது. அமெரிக்க மருத்துவமனையொன்றில் இரத்தப் புற்றுநோயுற்ற சிறுபிள்ளைகளுடன் பழகி அவர் எழுதியது அது. யாரும் சொல்லாதிருந்தும் அப்பிள்ளைகள் தாங்கள் மரிக்கப்போவதை அறிந்திருந்தனர். அறிந்ததைப் பெற்றோருக்கு மறைத்தனர். பெற்றோரும் அவர்களுக்கு மறைத்தனர். ஒருவரையொருவர் காக்கும்பொருட்டு இருசாராரும் அறியாதவர்போல் நடித்தனர். இந்நடிப்பில் அன்பு உண்டு என்பதை மறுக்கமாட்டேன். ஆயினும் அதன் விலை தனிமை. "நீ தைரியசாலி, அழாதே" என்று நாம் சொல்லும்போது அத்தனிமையின் கதவை வெளிப்புறமாகத் தாழிட்டுவிடுகிறோம்.

சடாக்கோவின் நாட்களில் அந்நோய்க்கு மீட்பில்லை. 1948இல் சிட்னி ஃபார்பர் மருந்தினால் தற்காலிகத் தணிவு கிடைக்குமெனக் காட்டியிருந்தார், அவ்வளவே. இன்றோ, பிள்ளைகளிடம் மிகுதியாகக் காணப்படும் இரத்தப் புற்றுநோய் வகையில், செல்வ நாடுகளில் ஏறத்தாழ பத்தில் ஒன்பது பேர் ஐந்தாண்டுகளைக் கடந்து வாழ்கின்றனர். ஆயினும் சிகிச்சை இரண்டு மூன்று ஆண்டுகள் நீளுகிறது. ஆகவே இன்றைய இல்லங்களுக்குத் தேவைப்படுவது கோலியாத்தை ஒரே கல்லால் வீழ்த்தும் வீரமன்று. அடுத்த ஊசிக்கும், அதற்கடுத்த பயணத்திற்கும் போதுமான நாள்தோறும் அளக்கப்படும் மன்னாவைப் போன்ற திடன் அது.

சூனேமியாளின் வரலாறு இங்கு நமக்கு வழிகாட்டுகிறது. மடியில் மகன் மரித்துப்போனான். கணவனிடமும், எதிர்கொண்டு வந்த கேயாசியிடமும் அவள் எல்லாம் நலமே என்கிறாள். ஆனால் எலிசாவிடம் வந்ததும் அவன் கால்களைப் பற்றிக்கொள்கிறாள். கேயாசி அவளை விலக்கிவிட முயல்கிறான். எலிசாவோ அவளை விட்டுவிடும்படி சொல்லி, அவள் ஆத்துமாவின் கசப்பையும், ஆண்டவர் அதைத் தனக்கு மறைத்திருப்பதையும் ஒப்புக்கொள்கிறான். எல்லார் முன்னும் அழ வேண்டுமென்று திருமறை யாரையும் கட்டாயப்படுத்தவில்லை. நலமே என்று சொல்லிக் கடந்துபோக அவளுக்கு உரிமையுண்டு. ஆனால் நலமில்லை என்று சொல்ல ஓரிடமாவது அவளுக்கு வேண்டும். திருப்பணியாளர் அந்த இடமாயிருப்பாரா, அல்லது ஒழுங்கைக் காக்க விரையும் கேயாசியாய் இருப்பாரா என்பதே வினா.

நம் திருமறைத் தமிழில் 'திடன்' என்ற அருமையான சொல் இருக்கிறது. மத்தேயு ஒன்பதாம் அதிகாரத்தில் படுக்கையோடு சுமந்துவரப்பட்ட திமிர்வாதக்காரனிடம் ஆண்டவர் இச்சொல்லைச் சொல்லுகிறார். அவன் எழுந்து நடப்பதற்கு முன்பே சொல்லுகிறார். அதற்கும் முன்னதாக அவனை 'மகனே' என்று அழைக்கிறார். அதே அதிகாரத்தில் பெரும்பாடுள்ள பெண்ணை 'மகளே' என்று அழைத்து அதே சொல்லை வழங்குகிறார். அவர் திடனைக் கட்டளையாக விதிக்கவில்லை. உறவோடு சேர்த்துக் கொடுக்கிறார். கெத்செமனேயில் துயரத்தையும் கண்ணீரையும் தாமே அறிந்தவர் வேறெவ்வாறு கொடுப்பார்?

இவ்விரு நூல்களையும் ஞாயிறு பள்ளிகளிலிருந்து விலக்க வேண்டுமென்று நான் சொல்லவில்லை, வாசித்துக் காட்டுங்கள். மேட்லினின் கதையில் அவள் அழும் பக்கத்தில் சற்று நிறுத்துங்கள். சடாக்கோவின் கதையை முடித்தபின், "மெய்யாகவே அவள் ஆயிரத்தையும் மடித்துவிட்டாள்" என்று பிள்ளைகளிடம் சொல்லுங்கள். அதன்பின் அவர்கள் கேட்கும் கேள்விக்கு உடனே விடை கூறாதிருங்கள். எலிசாவுக்கே மறைக்கப்பட்டது நமக்குத் தெரியாதிருப்பது இழுக்கன்று.

அந்தச் சிறுவனை அடுத்த வாரம் மீண்டும் காணச் சென்றேன். இம்முறை தாவீதை அழைத்துச் செல்லவில்லை. "தம்பி, ஊசி போடும்போது வலிக்கும், நீ அழலாம். நான் கையைப் பிடித்துக்கொள்ளட்டுமா?" என்று கேட்டேன். அவன் சிறிதுநேரம் என்னையே பார்த்திருந்து, பிறகு கையை நீட்டினான். ஊசி ஏறியபோது அழுதான். ஆனால் முகத்தைத் திருப்பிக்கொள்ளவில்லை.